காட்டுக்குச் சிட்டா, காட்டுக்கு அடங்கல்

மைசூரிலிருந்து ஹுன்சூர், பிரியாபட்டணம், குஷால்நகர் வழியாக மடிகேரிக்கு ஏறக்குறைய 120 கிலோமீட்டர். புறப்படும் இடத்தில் ஆண்டு மழை சுமார் 800 மில்லிமீட்டர். போய்ச் சேரும் இடத்தில் 3000க்கும் மேல். அங்கிருந்து தலைக்காவிரி அடிவாரத்துப் பாகமண்டலம் வரை போனால் 5000ஐயும் தாண்டிவிடும். வழிநெடுக மரங்களும் மாறிக்கொண்டே வருகின்றன. மைசூர்ப் பக்கத்துக் குன்றுகளில் உசிலும் வேலும் முட்புதருமாக இருக்கும். நாகரஹொளேயை நெருங்கினால் தேக்கும் கருமருதும் வெண்தேக்கும் ஓங்கி நிற்கும். மடிகேரிக்கு மேற்கே சரிவில் இறங்கினாலோ ஆண்டு முழுவதும் இலை மாறாத நாங்கும் பாலியும் வானத்தை மூடிவிடும். ஒரு காடு முடிந்து இன்னொரு காடு தொடங்கியது எந்த மைல்கல்லில்? தரையில் தேடினால் கோடு எதுவும் கிடைக்காது. ஒரு மரம் அரிதாகிக்கொண்டே போகும், இன்னொன்று பெருகிக்கொண்டே வரும், அவ்வளவுதான். ஆனால் வனத்துறையின் வரைபடத்தில் கோடு இருக்கிறது. அதைப் போட்டவர்கள் எதை வைத்துப் போட்டார்கள்?

கோடு போடாமல் இருக்கவும் வழியில்லை. பருவமழைக்கு முன் எந்தச் சரிவில் எந்தக் கன்றை நடுவது, எங்கே கோடைக்கு முன்பே தீத்தடுப்புப் பட்டை எரித்து வைப்பது, எங்கே உண்ணிச்செடியை வேரோடு பிடுங்குவது, எந்த இடத்தில் கை வைக்காமல் விட்டுவிடுவது என்பதையெல்லாம் வனத்துறை முன்கூட்டியே எழுதி வைக்கிறது. 'வொர்க்கிங் பிளான்' என்று துறையினர் சொல்லும் அந்தப் பணித்திட்டம் பெரும்பாலும் பத்தாண்டுகளுக்கு ஒருமுறை தயாராகும். இது என்ன வகைக் காடு என்ற கேள்வி அதன் முதல் பக்கங்களிலேயே வந்துவிடும். அங்கே ஒரு தவறு நேர்ந்தால் பத்தாண்டுகள் அந்தத் தவறின் மேலேயே கன்று நடப்படும்.

அந்தக் கேள்விக்கு இந்தியாவில் இன்றும் எழுதப்படும் பதில் 1936இல் உருவானது. டேராடூன் வன ஆராய்ச்சி நிறுவனத்தில் இருந்த ஹாரி சாம்பியன், அன்றைய இந்தியா, பர்மா காடுகளை வகைபிரித்து ஒரு நூல் எழுதினார். எஸ்.கே. சேத்துடன் சேர்ந்து அதைத் திருத்தி 1968இல் மறுபடி வெளியிட்டார். இந்தியக் காடுகள் அதில் 16 பெருந்தொகுதிகளாகவும், அவற்றுக்குள் சுமார் 200 வகைகளாகவும் பிரிகின்றன. ஒவ்வொரு வகைக்கும் ஒரு குறியீடு. பந்திப்பூர்ப் பக்கம் '5ஏ/சி3' என்று எழுதியிருந்தால் அது தென்னிந்திய வறண்ட கலப்பு இலையுதிர் காடு. நடுவில் இருக்கும் எழுத்தைக் கவனிக்க வேண்டும். 'சி' என்றால் தட்பவெப்பமே தீர்மானித்த உச்சநிலைக் காடு: மனிதன் தொடாமல் விட்டால் அந்த நிலத்தில் கடைசியாக நிலைத்து நிற்கக்கூடியது. 'ஈ' என்றால் மண்ணும் நீரும் தீர்மானித்த காடு. 'டிஎஸ்' என்றால் சீரழிவு நிலை.

ஒரு புதர்க்காட்டின் பெயரில் 'டிஎஸ்' சேரும்போது அது வெறும் வருணனையாக நிற்பதில்லை. 'இங்கே முன்பு இதைவிட அடர்ந்த காடு இருந்தது, வெட்டும் மேய்ச்சலும் தீயும் சேர்ந்து இந்த நிலைக்குக் கொண்டுவந்தன' என்ற வரலாறு அதற்குள் இருக்கிறது. 'பாதுகாத்தால் மறுபடி உயரும்' என்ற வாக்குறுதியும் இருக்கிறது. அந்த வரலாறு உண்மையா என்று எப்படித் தெரிந்துகொள்வது?

நிலம் வைத்திருக்கும் தமிழ்நாட்டுக் குடும்பங்களுக்கு இதைச் சட்டென்று விளக்கிவிடலாம். ஒரு சர்வே எண்ணுக்கு நம்மிடம் இரண்டு தனித்தனிப் பதிவுகள் உண்டு. நன்செயா புன்செயா, நிலத்தின் இயல்பு என்ன என்று சிட்டா சொல்லும். இந்தப் போகத்தில் அதில் என்ன பயிர் நிற்கிறது, அல்லது தரிசாகக் கிடக்கிறதா என்று அடங்கல் சொல்லும். நன்செய் நிலம் ஓராண்டு தரிசாகக் கிடந்தால் அது புன்செய் ஆகிவிடாது. காட்டு வரைபடமும் இந்த இரண்டு கேள்விகளைத் தனித்தனியாகக் கேட்க வேண்டும். இந்த மழைக்கும் இந்த மண்ணுக்கும் இங்கே எது வளர முடியும்? இன்று எது நிற்கிறது? இரண்டையும் ஒரே பதிவில் எழுதும்போதுதான் நிர்வாகம் தடுமாறுகிறது.

அடங்கலை எழுதுவது ஒப்பீட்டளவில் எளிது, மேலிருந்து பார்க்கலாம். 1981இல் நிறுவப்பட்ட இந்திய வன அளவைத் துறை, 1987 முதல் ஈராண்டுக்கு ஒருமுறை செயற்கைக்கோள் படங்களைக் கொண்டு நாட்டின் வனப்பரப்பைக் கணக்கிட்டு வருகிறது. பசுமையான இலை, நம் கண்ணுக்குத் தெரியாத அகச்சிவப்புக் கதிரை வலுவாகத் திருப்பி அனுப்பும்; சிவப்பொளியை விழுங்கிவிடும். வெறும் மண்ணில் இந்த வேறுபாடு குறைவு. இரண்டையும் ஒப்பிட்டால் எங்கே இலை இருக்கிறது என்று தெரிந்துவிடும். அதே இடத்தை நவம்பரிலும் மார்ச்சிலும் படமெடுத்து அடுத்தடுத்து வைத்தால் இன்னும் ஒன்று விளங்கும். நவம்பரில் பளிச்சென்று இருந்து மார்ச்சில் மங்கினால் இலையுதிர் காடு. இரண்டு மாதமும் மாறாமல் இருந்தால் பசுமைமாறாக் காடாக இருக்கலாம்.

'இருக்கலாம்' என்று நிறுத்துவதற்குக் காரணம் மடிகேரியைச் சுற்றியுள்ள குடகு. அங்கே காப்பிச்செடிகள் மர நிழலில் வளர்கின்றன. மேலே ஓங்கிய மரங்களின் கிளைவிரிப்பு, அடியில் காப்பி. வானத்திலிருந்து பார்த்தால் அதுவும் காடுதான். வன அளவைத் துறையின் வரையறைப்படி ஒரு ஹெக்டேருக்குக் குறையாத நிலத்தில் மரத்தலைகளின் நிழல் 10 விழுக்காட்டுக்கு மேல் விழுந்தால் அது வனப்பரப்பு. மரம் எது, நிலம் யாருடையது என்று அந்த வரையறை கேட்பதில்லை. எனவே காப்பித் தோட்டமும் தென்னந்தோப்பும் அதில் சேரும். வரையறையை வெளிப்படையாகவே சொல்லியிருக்கிறார்கள், ஒளிவுமறைவு இல்லை. ஆனால் 'வனப்பரப்பு கூடியது' என்று செய்தித்தாளில் படிக்கும் நாம், கூடியது அடங்கல் மட்டுமே என்பதை நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும்.

சிட்டாவை எழுதுவது கடினம். இன்று இல்லாததைப் பற்றியும் அதில் எழுத வேண்டியிருக்கிறது. தென்னிந்தியாவில் இதற்குத் துணிந்து இறங்கியது புதுச்சேரியில் 1955இல் தொடங்கப்பட்ட பிரெஞ்சு நிறுவனம். துலூஸ் நகரத்துத் தாவரவியலாளர் ஆன்ரி கோசென் அதற்கு வழிகாட்டினார். காட்டைப் புரிந்துகொள்ள முதலில் வறட்சியைப் புரிந்துகொள்ள வேண்டும் என்பது அவர் கருத்து. மழை குறைந்த மாதமெல்லாம் வறண்ட மாதம் ஆகிவிடாது. குளிர்ந்த மாதத்தில் கொஞ்ச மழையும் போதும், வெயில் மாதத்தில் அதே மழை ஆவியாகிப் போகும். அதனால் அவரும் அவருடைய தோழர் பான்யூலும் ஓர் எளிய அளவுகோலை முன்வைத்தார்கள். ஒரு மாதத்தின் சராசரி வெப்பம் 25 டிகிரி என்றால், அதன் இரட்டிப்பான 50 மில்லிமீட்டருக்குக் குறைவாக மழை பெய்த மாதம் உலர்மாதம். ஓர் ஊருக்கு ஆண்டில் எத்தனை உலர்மாதங்கள் என்று எண்ணிப் பார்த்தாலே அங்கே எந்தக் காடு நிற்கும் என்று பாதி தெரிந்துவிடும்.

மீதிப் பாதியை மைசூர்ச் சாலையே சொல்லிக்கொடுக்கிறது. மைசூரில் டிசம்பர் முதல் மார்ச் வரை நான்கு உலர்மாதங்கள். பாகமண்டலத்தில் எண்ணினாலும் ஏறத்தாழ அதே மாதங்கள்தான் வருகின்றன! வறட்சியின் நீளம் ஒன்றேயானால் இங்கே முட்புதரும் அங்கே பசுமைமாறாக் காடும் ஏன்? காரணம் மண்ணுக்குள் இருக்கிறது. பாகமண்டலத்தில் 5000 மில்லிமீட்டருக்கு மேல் நனைந்த ஆழமான மண், நான்கு மாத வெயிலிலும் வேருக்குக் கொடுக்க நீர் வைத்திருக்கும். மைசூரில் 800 மில்லிமீட்டர் எட்டு மாதங்களில் கொஞ்சம் கொஞ்சமாகப் பெய்வதால் ஆழத்துக்கு இறங்கிச் சேர்வது குறைவு. அங்குள்ள மரம் இலையை உதிர்த்துத்தான் கோடையைக் கடக்க வேண்டும். ஆக, மொத்த மழையையும் உலர்மாதங்களையும் சேர்த்தே பார்க்க வேண்டும். இந்தப் பகுதியில் ஏறக்குறைய 2000 மில்லிமீட்டருக்கு மேல் பசுமைமாறாக் காடு, 1500க்கும் 2000க்கும் இடையில் ஈர இலையுதிர் காடு, அதற்குக் கீழே வறண்ட இலையுதிர் காடு என்று படிகள் அமைகின்றன.

மழை நிறைந்த மேற்குச் சரிவுக்குள் போய்விட்டால் உலர்மாதங்கள் மறுபடி முதன்மை பெறுகின்றன. அகத்தியமலையிலிருந்து வடக்கே போகப் போகத் தென்மேற்குப் பருவமழை தாமதமாக வந்து சீக்கிரம் திரும்பிவிடுகிறது. வறட்சி தெற்கே இரண்டு மூன்று மாதங்கள் என்றால் மும்பைப் பக்கம் ஏழெட்டு மாதங்கள். இதை ஒரு மரம் நமக்கு அளந்து காட்டுகிறது. அகத்தியமலையிலும் ஆனைமலையிலும் மலை ஏறியவர்களுக்கு வெடிப்பலா தெரிந்திருக்கும், சிங்கவால் குரங்கின் விருப்பமான தீனி. வெடிப்பலா, நாங்கு, பாலி மூன்றும் சேர்ந்து நிற்பதுதான் தெற்கத்திய நடுமலைக் காட்டின் அடையாளம். குடகு வட்டாரத்தோடு வெடிப்பலா நின்றுவிடுகிறது. நாங்கும் பாலியும் மட்டும் தொடர்கின்றன. மழையின் அளவு அங்கே குறைந்துவிடவில்லை, வறட்சிதான் நீண்டிருக்கிறது. காட்டுக்குப் பெயர் வைக்கும்போது 'பசுமைமாறாக் காடு' என்று பொதுவாகச் சொல்லாமல் அதில் சேர்ந்து வாழும் மரங்களின் பெயரையே வைப்பது இதனால்தான். எந்த மரம் இருக்கிறது, எது விடுபட்டிருக்கிறது என்பதே அந்த இடத்தின் தட்பவெப்பக் குறிப்பாகிவிடுகிறது.

இந்த முறையில் ழான்-பியேர் பஸ்கால் தலைமையில் கர்நாடக வனத்துறையும் பிரெஞ்சு நிறுவனமும் சேர்ந்து உருவாக்கிய தென்னிந்தியக் காட்டு வரைபடத்தின் மடிகேரி–மைசூர்த் தாள் 1982இல் வெளிவந்தது. அளவு 1:250,000, அதாவது தாளில் ஒரு சென்டிமீட்டர் தரையில் இரண்டரை கிலோமீட்டர். மேற்கிலிருந்து கிழக்காக அதைப் படித்தால் மைசூர்ச் சாலையைத் தலைகீழாகப் பயணம் செய்வது போலத்தான். பசுமைமாறா வகைகள், பிறகு தேக்கும் வெண்தேக்கும் நாய்த்தேக்கும் சேர்ந்த ஈர இலையுதிர் வகை, பிறகு வெள்ளைநாகையும் தேக்கும் கருமருதும் சேர்ந்த வறண்ட வகை, கடைசியில் வெள்ளைநாகையும் உசிலும் சேர்ந்த மேலும் வறண்ட வகை. இந்தத் தாளின் சிறப்பு, சிட்டாவையும் அடங்கலையும் ஒன்றன்மேல் ஒன்றாக வைத்ததுதான். ஒவ்வொரு வகைக்குள்ளும் அடர்காடு, திறந்த காடு, மரம் தூவிய புல்வெளி, புதர், சிதறிய செடிகள் என்று அன்றைய நிலைகளைப் பிரித்துக் காட்டினார்கள். ஒரே புதர்க்காடு இரண்டு இடத்தில் இருந்தாலும், ஒன்று ஈர இலையுதிர் வகையின் தேய்ந்த நிலை, மற்றது வறண்ட வகையின் தேய்ந்த நிலை என்று தாள் சொல்லும். இரண்டுக்கும் நட வேண்டிய கன்று வேறு, காத்திருக்க வேண்டிய காலமும் வேறு.

இல்லாத காட்டை எப்படி ஊகித்தார்கள் என்ற கேள்விக்குக் குடகின் தேவரகாடுகள் ஒரு பதில். நம் ஐயனார் கோயில் காடுகளைப் போல அங்கே ஊருக்கு ஊர் தெய்வத்துக்கு விட்ட காடு உண்டு, ஆயிரத்துக்கும் மேல். சுற்றிலும் காப்பியும் நெல்லுமாக மாறிவிட்ட நிலத்தில், கோடாரி குறைவாகவே பட்ட அந்தத் துண்டுகளில் நிற்கும் மரங்கள், சுற்றியுள்ள நிலமும் எதைத் தாங்கக்கூடியது என்பதற்குச் சாட்சி. மழைமானிப் பதிவுகள் இன்னொரு சாட்சி. இரண்டும் ஒத்துப்போகும் இடத்தில் துணிந்து கோடு போடலாம். ஒத்துப்போகாத இடத்தில் மண்ணைப் பார்க்க வேண்டும். நாகரஹொளேயில் 'ஹட்லு' என்று சொல்லப்படும் சதுப்பான புல்வெளிகள் காட்டுக்கு நடுவே கிடக்கின்றன. முதுமலை, வயநாட்டுப் பக்கம் அதற்கு வயல் என்று பெயர். மழைக்கு அங்கே குறைவில்லை, இருந்தும் களிமண்ணில் நீர் தேங்கி நிற்பதால் பெருமரங்கள் பிடிக்காமல் போகின்றன. வேர் நீரில் நிற்பது தேக்குக்கு ஆகவே ஆகாது. மானும் காட்டெருதும் மேய வரும் அந்தப் புல்வெளியை 'மரம் அழிந்த இடம்' என்று எண்ணிக் கன்று நட்டால் கன்றும் போகும், மேய்ச்சலும் போகும். இரண்டரை கிலோமீட்டரை ஒரு சென்டிமீட்டராகச் சுருக்கும் தாளில் சிறிய ஹட்லு பெரும்பாலும் தெரியாது. சிறிய தேவரகாடும் அப்படியே. வரைபடத்தை நம்பிக் காட்டுக்குள் போகும் அலுவலர் இதைத் தெரிந்துகொண்டு போக வேண்டும்.

வடதுருவத்துப் பக்கத்துக் காடுகளில், இல்லாத காட்டை ஊகிக்கும் இந்தச் சிக்கலுக்கு வேறொரு வழி கண்டார்கள். பின்லாந்தில் ஏ.கே. கஜாண்டர் 1909இல் சொன்னது இது: மரத்தை அண்ணாந்து பார்க்காதீர்கள், குனிந்து தரையைப் பாருங்கள். அங்கே மரம் வெட்டப்படும், நடப்படும், எரியும். ஊசியிலை மரவகைகளும் விரல்விட்டு எண்ணக்கூடியவையே. ஆனால் அடியில் வளரும் சிறுசெடிகள் மண்ணின் வளத்துக்கும் ஈரத்துக்கும் உண்மையாக இருக்கும். அந்தச் செடிகளின் பெயரிலேயே அவர் காட்டுவகைகளைப் பிரித்தார். பின்லாந்து அரசு காட்டு நிலத்துக்கு வரி விதிக்கவும் அதைப் பயன்படுத்திக்கொண்டது. கனடாவின் பிரிட்டிஷ் கொலம்பியாவில் கிரையினா உருவாக்கிய முறை தட்பவெப்பத்தையும் மண்ணையும் தரைச்செடிகளையும் சேர்த்துப் பார்க்கும்.

மைசூர்க் காடுகளில் கஜாண்டரின் வழி எடுபடுவது அரிது. இங்கே தரைச்செடியை மாடு மேய்கிறது, தீ எரிக்கிறது, எல்லாவற்றுக்கும் மேலாக உண்ணிச்செடி மூடிவிடுகிறது. அமெரிக்க வெப்பமண்டலத்திலிருந்து தோட்ட அழகுக்கு வந்த அந்தப் புதர், பந்திப்பூரிலும் முதுமலையிலும் பிலிகிரி ரங்கன் மலையிலும் பெரும்பரப்பில் ஒரே மாதிரியாகத் தரையை நிரப்பியிருக்கிறது. எல்லா மண்ணிலும் ஒரே செடி என்றால் மண்ணைப் பற்றி அதனிடம் என்ன கேட்க முடியும்?

தரையைப் பற்றிய இன்னொரு விவாதம்தான் எனக்கு மிக முக்கியமாகப் படுகிறது. பந்திப்பூர், முதுமலையின் வறண்ட இலையுதிர் காடுகளில் மரங்களுக்கு அடியில் உயர்ந்த புல் அடர்ந்து வளர்கிறது. அந்தப் புல்வகைகள் வெயிலையும் வெப்பத்தையும் வேண்டுபவை. நிழல் கூடினால் நலிந்துவிடும். அங்குள்ள மரங்கள் பலவற்றுக்குத் தடித்த பட்டை, தீ வந்து போனால் அடியிலிருந்து மறுபடி துளிர்க்கும் திறன். ஜெயஸ்ரீ ரத்னம், மகேஷ் சங்கரன் உள்ளிட்ட ஆய்வாளர்கள் 2011இல் இதைச் சுட்டிக்காட்டிக் கேட்டார்கள்: இதைக் காடு என்று அழைப்பதே சரியா? இது மரம் கலந்த புல்வெளி, சவான்னா அல்லவா? வெயில் வேண்டும் புல்லும் தீ தாங்கும் மரமும் ஒருங்கே ஓரிடத்தில் பெருகியிருப்பது நேற்று நடந்த சீரழிவால் ஆகக்கூடியதா? நெடுங்காலம் அங்கே வெளிச்சமும் தீயும் இருந்திருக்க வேண்டும்.

நீலகிரியில் இதற்கு ஒரு முன்னுதாரணம் உண்டு. ஊட்டி அருகே சாண்டிநல்லாச் சதுப்பில் ஆயிரக்கணக்கான ஆண்டுகளாக அடுக்கடுக்காகப் படிந்த மட்கை ரா. சுகுமாரும் அவருடைய குழுவினரும் ஆராய்ந்து 1993இல் வெளியிட்டார்கள். வெப்பப் புல்லும் மரமும் காற்றிலிருந்து கரியை எடுக்கும் வழி வேறு என்பதால், அவற்றின் மட்கில் கனமான கரி அணுக்களின் பங்கும் வேறுபடும். அந்தக் கணக்குப்படி 20,000 ஆண்டுகளுக்கு முன்பே அங்கே புல் ஓங்கியிருந்திருக்கிறது. அதாவது சோலைகளுக்கு இடையே இருந்த நீலகிரிப் புல்வெளி யாரும் காட்டை வெட்டியதால் வந்ததல்ல. அதை வெற்றிடமாக நினைத்துத்தான் வாட்டிலும் தைலமரமும் நட்டு நிரப்பினார்கள். சிட்டாவைத் தவறாக எழுதியதற்கு அந்தப் புல்வெளிகள் கொடுத்த விலை பெரிது.

5ஏ/சி3 என்று எழுதுகிறோமா, சவான்னா என்று எழுதுகிறோமா என்பது தீயைப் பற்றிய முடிவையும் மாற்றிவிடும். காடு என்றால் தீ எதிரி, ஒரு பொறியும் உள்ளே வரக்கூடாது. சவான்னா என்றால் தீ அதன் உறுப்பு; எப்போது, எவ்வளவு என்பதுதான் கேள்வி. பிலிகிரி ரங்கன் மலையின் பழங்குடியினரான சோலிகர்கள் கோடை முற்றுவதற்கு முன்பே சருகை மெல்ல எரித்துவிடும் வழக்கம் வைத்திருந்தார்கள். 'தரகு பெங்கி' என்று அவர்கள் மொழியில் பெயர், சருகுத் தீ. தாழ எரிந்து அணையும் அந்தத் தீ, உண்ணிச்செடியின் கன்றுகளையும் விதைகளையும் அடக்கி வைத்தது என்கிறார்கள் அவர்கள். 1974இல் அந்த மலை சரணாலயமான பிறகு எரிப்பது தடைபட்டது, உண்ணிச்செடி பரவியது. தடையால்தான் பரவியதா, மேய்ச்சல், மழை, பறவைகள் என்று வேறு காரணங்களும் கூடினவா என்பதில் ஆய்வாளர்களிடையே ஒருமித்த கருத்து இல்லை. சோலிகர்களின் கூற்றைச் சோதித்துப் பார்க்கத் தகுந்த கருதுகோளாக ஏற்று ஆய்வுகள் நடந்திருக்கின்றன, அதுவே பெரிய மாற்றம். 2019 பிப்ரவரியில் பந்திப்பூரில் ஆயிரக்கணக்கான ஹெக்டேர் எரிந்தபோது, சருகும் உலர்ந்த புதரும் ஆண்டுக்கணக்கில் சேர்ந்துவிட்ட நிலத்தில் தீ எப்படி நடந்துகொள்ளும் என்பதை எல்லோரும் பார்த்தார்கள்.

இந்த விவாதத்தை நிலத்தில் வைத்துத் தீர்க்கப் பொறுமையான கணக்கெடுப்பு வேண்டும். முதுமலையில் இந்திய அறிவியல் கழகத்தினர் 1988இல் 50 ஹெக்டேர் நிலத்தை அளந்து, அதில் ஒரு சென்டிமீட்டர் தடிமனுக்கு மேற்பட்ட ஒவ்வொரு மரத்துக்கும் எண் கொடுத்து, சுமார் 25,000 தண்டுகளை இன்றுவரை திரும்பத் திரும்ப அளந்துவருகிறார்கள். எந்த ஆண்டு தீ வந்தது, எந்தக் கன்று பிழைத்தது, எது யானைக்கு இரையானது என்று அந்தப் பதிவேடு சொல்கிறது. ஆனால் அது ஒரே ஓர் 50 ஹெக்டேர். மைசூரிலிருந்து குடகு வரை விரியும் பரப்புக்கு, எந்தச் சரிவு எந்த ஆண்டு எரிந்தது, யார் மேய்த்தார்கள், எந்த ஹட்லுவில் ஒரு காலத்தில் நெல் விளைந்தது என்ற பதிவு எந்த வரைபடத் தாளிலும் இல்லை. அதில் பெரும்பங்கு சோலிகர், ஜேனுகுருபர், பெட்டகுருபர் ஆகிய பழங்குடிக் குடும்பங்களின் முதியவர்களிடம் இருக்கிறது. சோலிகர்களுக்கு 2011இல் பிலிகிரி ரங்கன் மலையில் சமூக வன உரிமை கிடைத்தது. அடுத்த பணித்திட்டம் எழுதும்போது சிட்டாவுக்கும் அடங்கலுக்கும் பக்கத்தில் மூன்றாவதாக இந்தப் பதிவும் சேர வேண்டும். அதைச் சொல்லக்கூடியவர்கள் இன்னும் ஊரில் இருக்கும்போதே எழுதிக்கொள்ள வேண்டும்.